பிடிபட்ட மணல் வண்டி: சாவி யார் கையில்?

ஆற்றோர ஊர் ஒன்றின் காவல் நிலையத்துக்குப் போய்ப் பாருங்கள். சுற்றுச்சுவரை ஒட்டி ஒரு டிப்பர், இரண்டு டிராக்டர், மாடு இல்லாத மூன்று நான்கு மாட்டு வண்டிகள் நிற்கும். டிப்பரின் டயர் காற்றிறங்கி மண்ணில் பாதி புதைந்திருக்கும். பின்னால் ஏற்றிய மணல் அப்படியே கிடக்க, இரண்டு மழைக்குப் பிறகு அதில் எருக்கு முளைத்திருக்கும். பேட்டரி உள்ளே இருக்கிறதா என்பது வண்டிக்காரரின் அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது. முன்கண்ணாடியில் வெள்ளை பெயின்டால் எழுதிய குற்ற எண் மட்டும் அழியாமல் இருக்கும்.

இவற்றில் சில வண்டிகள் ஆற்றைச் சுரண்டியே பிழைத்தவை. சில, ஒரு ராத்திரி டிரைவர் பார்த்த தனி வேலையால் மாட்டிக்கொண்டவை. சிலவற்றில் இருந்தது ஆற்று மணலே இல்லை, சவுடு மண். சுவரோரம் நிற்கும்போது இந்த வேறுபாடு எதுவும் தெரியாது. ஃபைனான்ஸ்காரருக்குக் கட்ட வேண்டிய டியூ மட்டும் மாதம் தவறாமல் வந்து நிற்கும்.

வண்டியைச் சட்டப்படி மீட்க வழி இருக்கிறது. ஆனால் வண்டி பிடிபட்டதும் பெரும்பாலோர் கேட்கும் முதல் கேள்வி, ‘எவ்வளவு செலவாகும்?’ அதற்கு முன்னால் கேட்க வேண்டியது வேறொன்று: வண்டி இப்போது யார் கையில் இருக்கிறது? எந்த அதிகாரி, எந்தச் சட்டத்தின் கீழ் பிடித்து வைத்திருக்கிறார்? இது தெரியாமல் கதவு மாற்றித் தட்டுகிறவர்களுக்குத்தான் மாதங்கள் வீணாகின்றன.

‘பறிமுதல்’ என்ற ஒரே சொல்

பத்திரிகைச் செய்திகளில் ‘மணல் லாரி பறிமுதல்’ என்று வாசித்திருப்பீர்கள். அந்தச் சொல்லில் ஒரு சிக்கல் இருக்கிறது. வண்டியைப் பிடித்து நிறுத்தி வைப்பதையும் பறிமுதல் என்கிறோம். வண்டியை ஒரேயடியாக அரசின் சொத்தாக்கிவிடுவதையும் பறிமுதல் என்கிறோம். சட்டத்தில் இவை இரண்டும் வேறு வேறு. முதலாவது கைப்பற்றுதல், ஒரு சந்தேகத்தின் பேரில் தற்காலிகமாக நடப்பது. இரண்டாவது அரசுடைமையாக்குதல், உரிமையாளரின் உரிமையையே துடைத்துவிடுவது. ‘பறிமுதல் பண்ணிட்டாங்க, இனி வராது’ என்று நொந்துபோய் வீட்டில் உட்காருகிறவர் பெரும்பாலும் முதலாவதைத்தான் இரண்டாவது என்று நினைத்திருப்பார்.

இதற்கெல்லாம் மூலம் 1957-ம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டம். வீடு கட்டும் சாதாரண மணல், சரளை, கட்டடக் கல் எல்லாம் அதில் ‘சிறு கனிமம்’. அவற்றுக்கு விதி வகுக்கும் அதிகாரம் மாநில அரசுக்கு உண்டு. தமிழ்நாடு 1959-லேயே தன் விதிகளை எழுதிக்கொண்டது. 2003 அக்டோபரில் அதில் சேர்ந்த 38ஏ விதிதான் ஆற்று மணல் கதையைப் புரட்டிப் போட்டது. தனியாரிடம் இருந்த மணல் குவாரி குத்தகைகள் முடிவுக்கு வந்தன. மணல் அள்ளும் உரிமை அரசிடம் போனது. உச்ச நீதிமன்றம் 2006-ல் அதைச் சரி என்று சொன்னது. ஆகவே தமிழ்நாட்டில் ஆற்று மணல் ஏற்றிய வண்டி ஒன்று ரோட்டில் போகிறது என்றால், அந்த மணல் அரசிடமிருந்து வந்ததற்கான சீட்டு டிரைவர் கையில் இருந்தாக வேண்டும்.

மத்தியச் சட்டத்தின் 21-ம் பிரிவு தண்டனையைச் சொல்கிறது. அனுமதியின்றிக் கனிமம் வெட்டினாலோ கொண்டுபோனாலோ 5 ஆண்டுகள் வரை சிறை. ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதம். அதன் 21(4) உட்பிரிவு, அதற்கென அதிகாரம் பெற்ற அதிகாரி வண்டியைக் கைப்பற்றலாம் என்கிறது. அடுத்து வரும் 21(4ஏ)-வை வண்டிக்காரர் ஒவ்வொருவரும் தெரிந்து வைத்திருப்பது நல்லது. வண்டியை அரசுடைமையாக்க வேண்டுமானால் அந்தக் குற்றத்தை விசாரிக்கும் நீதிமன்றம்தான் உத்தரவிட வேண்டும். அந்தப் பிரிவின்படி, கைப்பற்றிய அதிகாரி ‘வண்டி இனி அரசாங்கத்துக்கு’ என்று தானே எழுதிவிட முடியாது. சந்தனக் கட்டை கடத்தலில் வனச் சட்டம் வன அதிகாரிக்கே அந்த அதிகாரத்தைக் கொடுத்திருக்கிறது. மணலில் அப்படி இல்லை.

ஸ்டேஷனா, தாலுகா ஆபீஸா?

வண்டியைப் பிடிக்கக்கூடியவர்கள் பலர். கிராம நிர்வாக அலுவலரை அழைத்துக்கொண்டு வரும் தாசில்தார், கோட்டாட்சியர், கனிமவளத் துறையின் உதவி இயக்குநர், ரோந்து போகும் போலீஸ். சில நேரம் இவர்கள் யாரும் இல்லாமல், அளவுக்கு மீறி ஏற்றியதற்காக மோட்டார் வாகன ஆய்வாளரே நிறுத்திவிடுவார். அது மணல் வழக்கே அல்ல. அதிக பாரத்துக்கு மோட்டார் வாகனச் சட்டப்படி 20,000 ரூபாயும், மிகையான ஒவ்வொரு டன்னுக்கும் 2,000 ரூபாயும் அபராதம். மணலுக்கு முறையான சீட்டு இருந்து, எடை மட்டும் கூடுதல் என்றால் விவகாரம் அங்கேயே முடிய வாய்ப்பு உண்டு. (இந்த இடத்தில் ஒரு குழப்பம் நம் ஊருக்கே உரியது. வருவாய்க் கோட்டாட்சியரும் ஆர்.டி.ஓ.தான், வட்டாரப் போக்குவரத்து அலுவலரையும் நாம் ஆர்.டி.ஓ. என்றுதான் சொல்கிறோம். ‘ஆர்.டி.ஓ.வைப் பாரு’ என்று யாராவது சொன்னால், எந்த ஆர்.டி.ஓ. என்று கேட்டுக்கொண்டு கிளம்புங்கள்.)

வருவாய்த் துறையோ கனிமவளத் துறையோ பிடித்து, போலீஸில் வழக்கு பதிவாகாமல் இருந்தால், வண்டி அந்த அதிகாரியின் கட்டுப்பாட்டில் இருக்கிறது. அங்கே முதலில் பார்க்க வேண்டியது சட்டத்தின் 23ஏ பிரிவு. நீதிமன்றத்தில் புகார் கொடுக்க அதிகாரம் பெற்ற அதிகாரி, தான் குறிப்பிடும் தொகையை வாங்கி அரசுக் கணக்கில் செலுத்திவிட்டு, குற்றத்தைச் சமரசமாக முடித்துக்கொள்ளலாம். வழக்குத் தொடர்ந்த பின்னும் இதைச் செய்யலாம். அப்படி முடிந்துவிட்டால் அந்தக் குற்றத்துக்காக மேற்கொண்டு நடவடிக்கை கூடாது. இதற்கு எழுத்துப்பூர்வமான மனு, எழுத்துப்பூர்வமான உத்தரவு, கருவூலத்தில் கட்டிய செலான் மூன்றும் வேண்டும். இதில் ஒன்று குறைந்தாலும் நீங்கள் கொடுத்த பணம் எங்கே போனது என்பதை நீங்களே யூகித்துக்கொள்ளுங்கள்.

ஆனால் சமரசம் என்பது அதிகாரி கொடுத்தால் உண்டு. கேட்டுப் பெறும் உரிமை அல்ல. மனுவைக் கிடப்பில் போட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டு, ‘இத்தனை நாளுக்குள் பரிசீலித்து உத்தரவிடுங்கள்’ என்று கேட்கலாம். வண்டியையே அங்கிருந்து வாங்கிவிடலாம் என்று எதிர்பார்த்துப் போனால், ‘உரிய நீதிமன்றத்துக்குப் போங்கள்’ என்ற பதில்தான் பெரும்பாலும் வரும்.

இனி போலீஸ். ஸ்டேஷனில் எஃப்.ஐ.ஆர். பதிவாகிவிட்டால் நிலைமை வேறு. அதில் வழக்கமாக இரண்டு சட்டங்கள் இருக்கும். ஒன்று, மேலே சொன்ன கனிமச் சட்டத்தின் 21-ம் பிரிவு. இன்னொன்று, திருட்டு. 2024 ஜூலை 1-க்கு முன் இந்திய தண்டனைச் சட்டம் 379. இப்போது பாரதிய நியாய சன்ஹிதா 303(2). ஒரே மணலுக்கு இரண்டு சட்டமா என்ற கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போனது. கனிமச் சட்டத்தை மீறுவது ஒரு குற்றம். அரசின் பொருளை அனுமதியில்லாமல் எடுப்பது தனிக் குற்றம். இரண்டுக்கும் நடவடிக்கை எடுக்கலாம் என்று அது 2014-ல் தீர்ப்பளித்தது. 2020 டிசம்பரில் வந்த இன்னொரு தீர்ப்பு இதை மேலும் இறுக்கியது: பணம் கட்டிச் சமரசம் செய்துகொண்டால் கனிமச் சட்ட வழக்கு முடியும், திருட்டு வழக்கு அதனால் தானாக முடிந்துவிடாது.

கோர்ட் வராந்தாவில் அடிக்கடி கேட்கும் பேச்சு இது. டிராக்டர்காரர் ஒருவர் சட்டைப் பையிலிருந்து மடித்த செலானை எடுத்து வக்கீல் குமாஸ்தாவிடம் காட்டுவார். “அண்ணே, பணம் கட்டி ரசீது வாங்கிட்டேன். இன்னும் ஏன் வண்டிய விட மாட்டேங்கிறாங்க?” குமாஸ்தா செலானைப் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பார். “தம்பி, நீ கட்டுனது மணலுக்கு. அங்க கேஸ் நிக்குறது திருட்டுக்கு.” சட்டப் புத்தகத்தில் நாலு பக்கம் வரும் விஷயத்தை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

ஆகவே எஃப்.ஐ.ஆர். நகலைக் கையில் வாங்குவதுதான் முதல் வேலை. ஸ்டேஷனில் அலைய வேண்டாம். தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் பெரும்பாலான எஃப்.ஐ.ஆர்.கள் கிடைக்கும். 24 மணி நேரத்தில் பதிவேற்ற வேண்டும் என்று 2016-ல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. அதில் என்னென்ன பிரிவு இருக்கிறது என்று பாருங்கள். திருட்டுப் பிரிவு மட்டும் என்றால் உங்கள் பகுதி மாஜிஸ்திரேட் கோர்ட். கனிமச் சட்டமும் சேர்ந்திருந்தால், 2015 திருத்தத்தின் கீழ் அதற்கென அறிவிக்கப்பட்ட சிறப்பு நீதிமன்றம். இது மாவட்ட அளவிலான அமர்வு நீதிமன்றமாக இருக்கும். மாஜிஸ்திரேட்டிடம் போட வேண்டிய மனுவை அங்கேயும், அங்கே போட வேண்டியதை இங்கேயும் போட்டுத் திருப்பி வாங்கினால் ஒரு மாதம் போனது போனதுதான்.

இரண்டு தீர்ப்புகளுக்கு நடுவில்

வண்டி வழக்கு முடியும் வரை ஸ்டேஷனில்தான் நிற்க வேண்டுமா? வேண்டியதில்லை என்பதற்கு வக்கீல்கள் முதலில் நீட்டுவது 2002-ல் வந்த சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கின் தீர்ப்பு. சுவாரசியம் என்னவென்றால், அது மணல் வழக்கும் அல்ல, லாரி வழக்கும் அல்ல. சூரத்தில் ஒரு காவல் நிலையத்தின் பாதுகாப்பில் இருந்த பொருட்களைக் கையாடியதாகக் காவலர்கள் மீதே எழுந்த வழக்கு. அதை விசாரித்த உச்ச நீதிமன்றம், கைப்பற்றிய பொருட்களை நாடு முழுவதும் எப்படிப் பாழடிக்கிறோம் என்று யோசித்து, பொதுவான வழிகாட்டுதல் சொன்னது. வாகனங்களை நெடுநாள் ஸ்டேஷனில் வைத்திருப்பதால் யாருக்கும் பயனில்லை. போட்டோ எடுத்துக்கொண்டு, பிணைப் பத்திரமும் தகுந்த உத்தரவாதமும் வாங்கிக்கொண்டு விட்டுவிடலாம். 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் வைத்திருக்க வேண்டியதில்லை. அன்று முதல் இன்று வரை வாகன விடுவிப்பு மனுக்களில் இந்தப் பெயர் இல்லாத மனுவைப் பார்ப்பது அரிது.

இன்னொரு பக்கம் 2018. அந்த ஆண்டு ஆகஸ்டில் கொள்ளிடத்தில் வெள்ளம் புரண்டபோது முக்கொம்பு மேலணையின் 9 மதகுகள் இடிந்து விழுந்தன. ஆர்தர் காட்டன் 1836-ல் கட்டிய அணை. மணல் கொள்ளைதான் அஸ்திவாரத்தை அரித்தது என்று ஊரெல்லாம் பேசியது. அதே ஆண்டு அக்டோபர் 29-ம் தேதி சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் சிக்கும் வாகனங்களை இனி விடுவிக்கக் கூடாது, அரசுடைமையாக்கும் நடவடிக்கை எடுக்க வேண்டும் என்று கடுமையாக உத்தரவிட்டது. பிடித்த வண்டி அடுத்த வாரமே அதே ஆற்றில் அதே இடத்தில் இறங்குகிறது என்றால் நீதிபதிகளுக்குக் கோபம் வராமல் இருக்குமா? அதன் பிறகு பல மாவட்டங்களில் விடுவிப்பு மனு என்றாலே ‘2018 ஆர்டர் இருக்கிறது’ என்ற ஒற்றை வரியில் தள்ளுபடியானது.

காலப்போக்கில் அந்த இறுக்கம் எல்லா இடத்திலும் ஒரே அளவில் நிற்கவில்லை. ஒவ்வொரு வழக்கின் உண்மையையும் பார்த்து, கனமான நிபந்தனை போட்டு வண்டியை இடைக்காலமாக ஒப்படைத்த உத்தரவுகள் பின்னர் வந்திருக்கின்றன. கனிமச் சட்டத்தில் இடைக்கால விடுவிப்புக்கு நேரடித் தடை கிடையாது என்பது வண்டிக்காரர் பக்கத்தின் வலுவான வாதம். அரசுத் தரப்போ 2018 உத்தரவையும் ஆற்றின் நிலைமையையும் காட்டும். உங்கள் மனு இந்த இரண்டுக்கும் நடுவில்தான் விசாரிக்கப்படும். என்னைக் கேட்டால், எல்லா வண்டியையும் ஒரே தராசில் போடுவது ஆற்றுக்கும் நல்லதல்ல. ராத்திரியில் பத்து நடை அடிக்கும் டாரஸ் லாரியையும், சொந்த வீட்டுக்குத் திண்ணை பூச அரை யூனிட் அள்ளிய மாட்டு வண்டியையும் ஒரே சுவரோரம் மக்க விட்டால், சட்டத்தின் மேல் பயம் வருவதில்லை, சலிப்புதான் வருகிறது. பெரிய முதலாளிக்கு ஒரு டாரஸ் போனால் இன்னொன்று. மாட்டு வண்டிக்காரருக்கு அது ஒன்றுதான்.

2024 ஜூலை 1 முதல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது. விடுவிப்பு மனு போடும் பிரிவுகளில் பழைய 451, புதியதில் 497. பழைய 457, இப்போது 503. பொருள் நீதிமன்றத்தில் ஒப்படைக்கப்பட்டிருந்தால் 497. போலீஸ் கைப்பற்றியதாகத் தகவல் மட்டும் போய், பொருள் நீதிமன்றத்துக்கு வராமல் இருந்தால் 503. இரண்டையும் சேர்த்தே மனுவில் குறிப்பிடும் வக்கீல்கள் உண்டு. புதிய 497-ல் பழைய சட்டத்தில் இல்லாத கெடு இருக்கிறது. பொருள் ஒப்படைக்கப்பட்ட 14 நாளுக்குள் அதன் விவரப் பட்டியலை நீதிமன்றம் தயாரிக்க வேண்டும். போட்டோ எடுக்க வேண்டும், தேவையானால் வீடியோவும். அது முடிந்த 30 நாளுக்குள் அந்தப் பொருளை என்ன செய்வது என்று உத்தரவிட வேண்டும். அந்தப் போட்டோவே பின்னால் சாட்சியமாகப் பயன்படும். ‘வண்டி சாட்சியப் பொருள், விடக்கூடாது’ என்ற ஆட்சேபத்துக்கு இதைவிட நல்ல பதில் இல்லை. உங்கள் வக்கீல் சுந்தர்பாய் தீர்ப்பைச் சொல்லும் மூச்சிலேயே இதையும் சொல்லச் சொல்லுங்கள்.

மனுவில் என்ன இருக்க வேண்டும்

வண்டி யார் பெயரில் இருக்கிறதோ அவர்தான் கேட்க வேண்டும். இதில்தான் நம்மவர்கள் பலர் வழுக்குகிறார்கள். செகண்ட் ஹேண்டில் டிராக்டர் வாங்கி, வெற்றுப் படிவத்தில் கையெழுத்து மட்டும் வாங்கிக்கொண்டு, ஆர்.சி.யில் பெயர் மாற்றாமல் இரண்டு வருடம் ஓட்டியிருப்பார்கள். வண்டி பிடிபட்ட அன்று பழைய உரிமையாளர் போனை எடுக்க மாட்டார். நீதிமன்றத்துக்கு ஆர்.சி.யில் உள்ள பெயர்தான் முதலில் கண்ணில் படும். அவரிடம் பிரமாணப் பத்திரம் வாங்கி வர வேண்டும், இல்லையேல் அவரே மனு போட வேண்டும். கடனில் எடுத்த வண்டியானால் ஃபைனான்ஸ் நிறுவனமும் உரிமை கேட்டு வரலாம். தவணை நின்றிருந்தால் நிச்சயம் வரும்.

டிராக்டரில் இன்னொரு சிக்கல் இருக்கிறது. என்ஜினுக்கு ஆர்.சி. இருக்கும், பின்னால் இழுக்கும் டிரெய்லருக்குப் பதிவே இருக்காது. வண்டியைப் பிடித்தபோது எழுதும் மகஜரில் இரண்டையும் சேர்த்திருப்பார்கள். மனுவில் என்ஜின் நம்பரை மட்டும் போட்டால் உத்தரவும் என்ஜினுக்கு மட்டும்தான் வரும். டிரெய்லர் அங்கேயே நிற்கும்.

மகஜரைப் பற்றிச் சொல்ல வேண்டும். சில இடங்களில் போலீஸார் அதை ‘அத்தாட்சி’ என்பார்கள். வண்டி பிடிபட்ட இடம், நேரம், என்ன கனிமம், எவ்வளவு, யார் முன்னிலையில் என்பதெல்லாம் அதில் இருக்கும். நம் ஊரில் மணலை அளப்பது யூனிட்டில். ஒரு யூனிட் என்றால் 100 கன அடி. ‘சுமார் 3 யூனிட்’ என்று எழுதப்பட்ட வண்டியின் கொள்ளளவே ஒரு யூனிட்தான் என்றால், அது உங்கள் பக்கம் பேசும் விஷயம். பிடித்த இடம் ஆற்றுக்குள்ளா, ஊர் ரோட்டிலா என்பதும் முக்கியம். மணலா, எம்-சாண்டா, சவுடா, ஏரி வண்டலா? எம்-சாண்டுக்கு கிரஷரின் பில்லும் போக்குவரத்துச் சீட்டும் இருந்திருக்க வேண்டும். வண்டல் மண்ணை விவசாயத்துக்கு எடுக்கத் தனி அனுமதி முறை இருக்கிறது. அந்த அனுமதி உத்தரவு இருந்தால் முதல் பக்கத்திலேயே இணையுங்கள்.

சீட்டு இருந்தும் மாட்டுகிறவர்கள் உண்டு. சீட்டில் வண்டி எண், ஏற்றிய தேதி, நேரம், அளவு, எங்கிருந்து எங்கே என்று எல்லாம் இருக்கும். வழியில் டயர் பஞ்சராகி, ஒட்டிக்கொண்டு கிளம்புவதற்குள் சீட்டின் நேரம் முடிந்துவிடும். பஞ்சர் கடைக்காரரிடம் பில் வாங்குகிற பழக்கம் நம் டிரைவர்களுக்கு இல்லை. வாங்கியிருந்தால், அந்த நாற்பது ரூபாய்க் காகிதம் பத்து லட்ச ரூபாய் வண்டிக்குச் சாட்சி சொல்லியிருக்கும். பின்தேதி போட்ட பில்லைத் தயார் செய்யும் யோசனையை மட்டும் யார் சொன்னாலும் கேட்காதீர்கள். மணல் வழக்கோடு போலி ஆவண வழக்கும் சேர்ந்துகொள்ளும்.

‘எனக்குத் தெரியாமல் டிரைவர் செய்தது’ என்ற வாதம் அடிக்கடி வைக்கப்படுவது. வாயால் சொன்னால் நீதிபதி நிமிர்ந்துகூடப் பார்க்க மாட்டார். அன்று வண்டி வேறு எங்கே, யார் வேலைக்குப் போக வேண்டியிருந்தது என்பதற்கு ஒரு காகிதமாவது, ஜி.பி.எஸ். பதிவாவது இருந்தால் கவனிப்பார். இந்த வாதத்தின் முழு எடை பின்னால், அரசுடைமையாக்கலாமா என்று விசாரிக்கும் கட்டத்தில்தான் தெரியும். அங்கே வரும் நோட்டீஸுக்குப் பதில் கொடுக்காமல் விடுவது வண்டியைத் தாரை வார்ப்பதற்குச் சமம். இடைக்காலமாக வண்டி வீட்டுக்கு வந்துவிட்டதே என்று அதை அலட்சியம் செய்கிறவர்களைப் பார்த்தால் வயிறு எரிகிறது.

மனு வந்ததும் அரசு வக்கீல் இன்ஸ்பெக்டரிடம் அறிக்கை கேட்பார். அதில் நீதிபதி முதலில் தேடுவது, இந்த வண்டி மேல் முன்பு வழக்கு உண்டா என்பதை. முதல் தடவை என்றால் கதவு பாதி திறந்திருக்கிறது. இரண்டாவது, மூன்றாவது தடவை என்றால் சுந்தர்பாய் வந்தாலும் காப்பாற்றுவது கஷ்டம். திரும்பத் திரும்பச் சிக்குகிற ஆட்களுக்குக் குண்டர் சட்டமும் காத்திருக்கிறது. அதன் பட்டியலில் மணல் குற்றவாளிகளும் இருக்கிறார்கள். மனு தள்ளுபடியானால் அத்துடன் முடிந்துவிடவில்லை. உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடலாம். அதற்குக் கீழ் நீதிமன்ற உத்தரவின் சான்றிட்ட நகல் வேண்டும், ஆகவே தள்ளுபடியான அன்றே நகலுக்கு எழுதிப் போட்டுவிடுங்கள்.

வக்கீல் வைக்க வசதியில்லாதவர்களுக்கு மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், வருமான வரம்புக்குள் இருப்பவர்கள் இலவசமாக வக்கீல் கேட்கலாம். கோர்ட் வளாகத்திலேயே ஆபீஸ் இருக்கும். மாட்டு வண்டிக்காரர்கள் பலர் அதைத் தாண்டித்தான் நடந்து போகிறார்கள், உள்ளே நுழைவதில்லை.

உத்தரவு வந்த பிறகு

விடுவிப்பு உத்தரவில் நிபந்தனைகள் வரிசையாக இருக்கும். இத்தனை ரூபாய்க்குச் சொந்தப் பிணை, அதே தொகைக்கு இரண்டு ஜாமீன்தாரர்கள், சில நேரம் ரொக்க டெபாசிட், அசல் ஆர்.சி.யை நீதிமன்றத்தில் ஒப்படைத்தல், வண்டியை விற்கவோ அடமானம் வைக்கவோ கூடாது, நிறமோ உருவமோ மாற்றக் கூடாது, கூப்பிடும்போது கொண்டுவந்து காட்ட வேண்டும், மறுபடி இப்படிப்பட்ட வேலைக்குப் பயன்படுத்த மாட்டேன் என்ற உறுதிமொழி. அசல் ஆர்.சி. நீதிமன்றத்தில் இருக்கும்போது வழியில் போலீஸ் கேட்டால் காட்ட, உத்தரவின் சான்றிட்ட நகலையும் ஆர்.சி.யின் நகலையும் வண்டியிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.

பிணைப் பத்திரம் எழுதிக் கொடுத்து, நீதிமன்றத்தின் விடுவிப்புக் கடிதம் ஸ்டேஷனுக்குப் போன பிறகுதான் வண்டி கைக்கு வரும். போகும்போது ஒரு மெக்கானிக்கையும், புது பேட்டரியையும் கையோடு கூட்டிப் போவது அனுபவசாலிகளின் வழக்கம். முதலில் வண்டியை நாலு பக்கமும் நம்பர் தெரிகிற மாதிரி போட்டோ எடுங்கள். சேசிஸ் எண்ணின் மேல் வெள்ளைத் தாளை வைத்து பென்சிலால் தேய்த்தால் எண் அப்படியே தாளில் ஏறும். மகஜரில் உள்ள எண்ணோடு ஒத்துப் பாருங்கள். ஸ்டெப்னி, ஜாக்கி, தார்ப்பாய், டீசல் டேங்க் மூடி எல்லாம் பாருங்கள். குறைவு இருந்தால், பெற்றுக்கொண்டேன் என்று கையெழுத்துப் போடும் இடத்திலேயே எழுதிவிடுங்கள். ‘அதெல்லாம் எதுக்குப்பா’ என்பார்கள். எழுதுங்கள்.

இன்சூரன்ஸும் எஃப்.சி.யும் இந்த இடைவெளியில் காலாவதியாகியிருக்கலாம். ஸ்டேஷன் வாசலைத் தாண்டிய அடுத்த நிமிடம் அது உங்கள் பொறுப்பு. இன்சூரன்ஸை முந்தின நாளே ஆன்லைனில் புதுப்பித்துக்கொள்ளுங்கள். எஃப்.சி. இல்லாவிட்டால் வேறு வண்டியில் கட்டி இழுத்துப் போவதே பத்திரம்.

கடைசியாக, கிளம்பும் முன் பின்னால் ஏறிப் பாருங்கள். உத்தரவு வண்டிக்குத்தான், அதில் கிடக்கும் மணலுக்கு அல்ல. அது அரசுக்குச் சேர வேண்டியது. எருக்குச் செடியோடு சேர்த்து, அவர்கள் காட்டுகிற இடத்தில் கொட்டிவிட்டு, காலியான தொட்டியையும் ஒரு போட்டோ எடுத்துக்கொண்டு புறப்படுங்கள். பழைய மணலோடு கிளம்பினால், அடுத்த செக்போஸ்ட்டில் நிற்பவருக்கு அது புது மணல்.